தோட்டம் போய்விட்டது, துரை வைத்த பெயரை வாசலில் எழுதலாமா?

லாசா ரோட்டுக்காரன்:

எல்லாருக்கும் வணக்கம். ஒரு மாதமாக மனத்தில் உறுத்திக்கொண்டிருப்பதை இங்கே கேட்டுவிடுகிறேன்.

நான் பிறந்த தோட்டம் மலேசியாவில், பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட் பக்கம். கித்தா (ரப்பர்) போய் செம்பனை (எண்ணெய்ப்பனை) வந்தது. செம்பனையும் போய் இப்போது பாதி நிலத்தில் தாமான் (வீடமைப்புக் குடியிருப்பு) எழும்பிவிட்டது. நாங்கள் குடியிருந்த வரிசை வீடுகளை, லயங்களை, உடைத்துப் பதினோரு வருடம் ஆகிறது. கோயிலும் அதன் பக்கத்து அரச மரமும்தான் மிச்சம்.

போன மாதம் குடியிருப்பாளர் கூட்டம் நடந்தது. நுழைவாயிலில் வளைவு கட்டப் பணம் சேர்ந்திருக்கிறது. அதில் என்ன பெயர் போடுவது என்று பேச்சு வந்தது. தோட்டத்தில் பிறந்த நாங்கள் எல்லாரும் தோட்டப் பெயரையே போடுங்கள் என்றோம். அது ஸ்காட்லாந்தில் எங்கோ இருக்கிற ஓர் ஊரின் பெயர். முதல் வெள்ளைக்காரத் துரை தன் ஊர் ஞாபகமாக வைத்தது என்பார்கள். அப்போது பின்வரிசையில் இருந்த ஓர் இளைஞர் எழுந்து, "நம்மை லயத்தில் வைத்து வேலை வாங்கியவன் ஊர்ப் பெயரை நம்ம வாசலில் நாமே எழுதணுமா?" என்று கேட்டார். யாரும் பதில் சொல்லவில்லை. எனக்கும் வாய் வரவில்லை.

வீட்டுக்கு வந்ததும் அம்மா ஞாபகம்தான். "உங்க ஊர் எது?" என்று யார் கேட்டாலும் அம்மா அந்த ஸ்காட்லாந்துப் பெயரைத்தான் சொல்வார். இரண்டு எழுத்தை விழுங்கி, கடைசியில் ஒரு 'உ' சேர்த்து, அவர் சொல்லும்போது அது தமிழ்ப் பெயர் போலவே இருக்கும். தாத்தா சேலம் பக்கம் எந்தக் கிராமத்தில் இருந்து கப்பல் ஏறினார் என்பது அம்மாவுக்குத் தெரியாது. அவருக்கு இருந்த ஒரே ஊர் அதுதான். அதை எடுத்துவிட்டால் எங்களுக்கு எந்த ஊர் மிச்சம்?

ஆனால் அந்த இளைஞர் கேட்டதும் தப்பில்லை. உங்கள் கருத்தைச் சொல்லுங்கள். வளைவுக்குப் பெயர் கொடுக்க இன்னும் மூன்று வாரம் இருக்கிறது.

மூணாங்கட்டை:

நான் அந்த இளைஞர் பக்கம்.

1941இல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் நடந்த வேலைநிறுத்தத்தை நம் பிள்ளைகளில் எத்தனை பேருக்குத் தெரியும்? ஆர். எச். நாதன் முன்னின்று நடத்தியது. சீனத் தொழிலாளிக்குக் கொடுக்கும் கூலியை எங்களுக்கும் கொடு என்றார்கள். கள்ளுக்கடையை மூடு, எங்கள் பெண்கள் மேல் கை வைக்காதே என்றார்கள். இன்னொரு கோரிக்கையும் இருந்தது: துரை எதிரே வந்தால் சைக்கிளை விட்டு இறங்கி நிற்கச் சொல்லாதே. நாதனைப் பிடித்து இந்தியாவுக்கு நாடு கடத்தினார்கள். பட்டாளம் வந்து சுட்டது, தொழிலாளர்கள் செத்தார்கள்.

சைக்கிளில் உட்கார்ந்தபடி சொந்த லயத்தைத் தாண்டிப் போகும் உரிமைக்காக உயிர் கொடுத்திருக்கிறார்கள். அப்படிப்பட்டவர்களின் பேரன் துரை ஊர்ப் பெயரை வளைவில் ஏற்றி, அதன் கீழே காரில் போய்வர வேண்டுமா? எனக்கு மனசு ஒப்பவில்லை.

ஈப்போ டீச்சர்:

ஐயா சொல்வதன் வேதனை புரிகிறது. ஆனால் பெயரை எடுத்துவிட்டால் அந்தக் காலமும் போய்விடுமா?

நான் ஈப்போவில் முப்பது வருடம் பாடம் நடத்தியவள். ஹியூ லோ தெரு சுல்தான் இஸ்கந்தர் சாலை ஆனது. பெல்ஃபீல்டு தெரு சுல்தான் யூசுப் சாலை ஆனது. இன்றும் வயதானவர்களிடம் வழி கேட்டால் பழைய பெயர்தான் முதலில் வரும். அது வெள்ளைக்காரன் மேல் உள்ள பாசம் இல்லை. அந்தத் தெருவில்தான் அவர்கள் துணி எடுத்தார்கள், அந்தத் தெருவில்தான் படம் பார்க்கப் போனார்கள்.

மாணவர்களைப் பிர்ச் மணிக்கூண்டுக்கு அழைத்துப் போவேன். 1875இல் பாசிர் சாலாக்கில் கொல்லப்பட்ட பேராக்கின் முதல் பிரிட்டிஷ் ரெசிடெண்ட் ஜே. டபிள்யூ. டபிள்யூ. பிர்ச் நினைவாக 1909இல் கட்டியது. அந்தக் கொலைக்காகத் தூக்கிலிடப்பட்டவர்களில் ஒருவர் மலாய்த் தலைவர் டத்தோ சாகோர். சுதந்திரத்துக்குப் பின் மணிக்கூண்டை இடிக்கவில்லை. அதை ஒட்டிய சாலைக்கு டத்தோ சாகோரின் பெயரை வைத்தார்கள். செத்தவனும் அவன் சாவுக்காகத் தூக்கில் தொங்கியவனும் ஒரே முனையில் நிற்கிறார்கள். பாடப்புத்தகத்தில் இருபது பக்கம் படித்தும் புரியாத பிள்ளைக்கு அந்த முனையில் நின்றால் ஐந்து நிமிடத்தில் புரிந்துவிடும்.

உங்கள் வளைவிலும் இரண்டு பெயருக்கு இடம் இருக்குமே.

கிராணி வீட்டுப் பேரன்:

சுங்கை சிப்புட் என்றால் வெளியே இருக்கிறவர்களுக்கு என்ன தெரியும் என்பதையும் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

1948 ஜூன் 16 காலையில் எல்பில் தோட்ட அலுவலகத்தில் துரை ஆர்தர் வாக்கர் கம்யூனிஸ்டுகளால் சுட்டுக் கொல்லப்பட்டார். கொஞ்ச நேரத்தில் பின் சூன் தோட்டத்தில் ஜான் அலிசன், இயன் கிறிஸ்டியன் இருவரும் கொல்லப்பட்டார்கள். இரண்டு நாளில் மலாயா முழுவதும் அவசரகாலம். 1960 ஜூலை 31 வரை, பன்னிரண்டு வருடம் நீடித்தது. வரலாற்றுப் புத்தகங்களில் நம் ஊர் பெயர் வருவது இந்த ஒரு பக்கத்தில்தான். அந்த மூன்று வெள்ளைக்காரர்களும் பத்து காஜாவில் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார்கள். பெயர் பொறித்த கல் இருக்கிறது. வருடா வருடம் ஜூன் மாதத்தில் அங்கே அஞ்சலி நடக்கிறது. நடக்கட்டும். அவர்களும் ஒரு தாய்க்குப் பிறந்தவர்கள்தான்.

ஆனால் அந்தப் பன்னிரண்டு வருடம் லயத்தில் என்ன நடந்தது என்று எந்தக் கல்லில் எழுதியிருக்கிறது? என் தாத்தா யாழ்ப்பாணத்திலிருந்து வந்து தோட்டத்தில் கிராணி (கணக்குப்பிள்ளை) வேலை பார்த்தவர். அவர் சொல்வார்: லயத்தைச் சுற்றி முள்கம்பி. பொழுது சாய்ந்தால் வெளியே தலை காட்டக் கூடாது. அரிசிக்கு அளவு. காலையில் கித்தாப் பால் வெட்டப் போகிறவர்களை வாசலிலேயே தடவிப் பார்ப்பார்கள், காட்டுக்குள் இருக்கிற கம்யூனிஸ்டுக்குச் சோறு கொண்டு போகிறார்களா என்று. பசியோடு பன்னிரண்டு மணி வரை வெட்டிவிட்டு வந்துதான் சாப்பாடு. காட்டிலிருந்து வருகிறவன் சோறு கேட்பான், கொடுத்தால் போலீஸ். கொடுக்காவிட்டால் அவன். நடுவில் நின்றவன் தமிழன்.

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்கிறேன். என் தாத்தா மாதிரி கிராணிகளைத் தொழிலாளிகள் கறுப்புத் துரை என்றுதான் சொன்னார்கள். அதற்குக் காரணம் இருந்தது. மூணாங்கட்டை ஐயா எழுதிய சைக்கிள் கோரிக்கை வெள்ளைக்காரனுக்கு எதிராக மட்டும் எழுதப்பட்டதில்லை, கிராணிகளுக்கும் சேர்த்துத்தான். எங்கள் குடும்பம் இதை எந்த விசேஷத்திலும் பேசியதில்லை. இப்போதாவது ஒருவர் எழுத வேண்டும் என்று எழுதுகிறேன்.

பெரட்டு மணி:

பேரன் தம்பி, மனசைத் திறந்து எழுதியதற்கு நன்றி. ஆனால் "நடுவில் நின்றவன் தமிழன்" என்பதை என்னால் முழுதாக ஏற்க முடியவில்லை. நடுவில் மட்டுமா நின்றான்? முன்னாலும் நின்றான்.

அகில மலாயா தொழிற்சங்கச் சம்மேளனத்தின் தலைவர் எஸ். ஏ. கணபதி. தஞ்சாவூர்ப் பக்கத்துத் தம்பிக்கோட்டையில் பிறந்தவர். 1948 ஜூனில் அந்தச் சம்மேளனத்தைச் சட்டத்தைத் திருத்தியே இல்லாமல் செய்தார்கள். 1949 மே 4 அன்று புடு சிறையில் கணபதியைத் தூக்கிலிட்டார்கள். கைத்துப்பாக்கி வைத்திருந்தார் என்பது குற்றச்சாட்டு. அவர் உயிரைக் காப்பாற்ற இந்திய அரசாங்கமே கருணை கேட்டுப் பார்த்தது. தூக்குக்கு முதல் நாள்தான் இன்னொரு தொழிற்சங்கத் தலைவர் வீரசேனன் சுட்டுக் கொல்லப்பட்டார். அதற்கும் முன்னால் கெடாவில் தொண்டர் படை கள்ளுக்கடைகளை மறித்து நின்றது, போலீசோடு மோதியது. இவர்களையும் சேர்த்துத்தான் நம் கதை.

கம்யூனிஸ்ட் கட்சி செய்த கொலைகளை நான் நியாயப்படுத்தவில்லை. எங்கள் வீட்டிலேயே அதில் ஒருவரை இழந்தோம், என் பெரியப்பா. காட்டிக்கொடுத்தவர் என்று இரவில் கூட்டிப் போனார்கள், திரும்பி வரவில்லை. அவர் காட்டிக்கொடுத்தவர் இல்லை. ஆனாலும் சொல்கிறேன், கூலி கேட்டவனையும் கொலை செய்தவனையும் ஒரே சாக்கில் போட்டுக் கட்டியதால்தான் நம் ஆட்கள் அடுத்த முப்பது வருடம் வாய் திறக்கப் பயந்தார்கள்.

கிராணி வீட்டுப் பேரன்:

பெரியப்பா பற்றிப் படித்ததும் கொஞ்ச நேரம் எதுவும் எழுதத் தோன்றவில்லை அண்ணே. நீங்கள் சொல்வது சரி. என் வரியைத் திருத்திக்கொள்கிறேன்.

கித்தாக்காடு:

இரண்டு நாளாகப் படித்துக்கொண்டிருக்கிறேன். பேசுகிறவர்கள் எல்லாம் ஆம்பிளைகளாக இருக்கிறீர்கள், டீச்சரைத் தவிர. பால் வெட்டினவள் ஒருத்தியாவது பேசட்டும் என்று என் மகள் தட்டித் தருகிறாள், நான் சொல்லச் சொல்ல.

எனக்கு 71 வயது. பதினாலு வயதில் அம்மாவோடு நிரைக்கு, பால் வெட்டும் மர வரிசைக்கு, போனவள். நாலரைக்குப் பெரட்டு, ஆள் கணக்கெடுப்பு. தலையில் விளக்கு, இடுப்பில் உளி, தோளில் காண்டாக் கம்பில் தொங்கும் வாளி. விடிவதற்குள் வெட்டினால்தான் பால் நன்றாக ஓடும், வெயில் ஏறினால் நின்றுவிடும். மழை பெய்தால் வெட்டு இல்லை, சம்பளமும் இல்லை. பால் பிடிக்கும் மங்கெல்லாம் கழுவி, பால் எடுத்து, ஸ்டோருக்குச் சுமந்து வந்து, நிறுத்து, வீட்டுக்கு வரும்போது மணி ஒன்றாகிவிடும். மதியத்துக்கு மேல் புருஷன் தூங்குவார். எங்களுக்கு அப்புறம்தான் வீட்டு வேலை ஆரம்பம். பிள்ளையை விடியற்காலையிலேயே ஆயாக்கொட்டகையில் விட்டுவிட்டுப் போவோம். பால் கட்டிக்கொண்டு மார்பு வலிக்கும். மரத்திலும் பால், உடம்பிலும் பால், இரண்டும் நம்மதில்லை என்று என் மாமியார் சொல்வார்.

பெயர் பற்றிப் பேசுகிறீர்கள். தோட்டத்துக்கு ஒரு பெயர்தான் என்று யார் சொன்னது? துரை வைத்த பெயர் அலுவலகப் பலகையில் இருந்தது. காட்டுக்குள்ளே எல்லாம் நாங்கள் வைத்த பெயர். கணக்கில் 52ஆம் வருட நடவு என்று இருக்கும், நாங்கள் ஊத்துப்பள்ளம் என்போம். அடுத்தது சர்ப்பக்காடு, அங்கே ஒரு புற்று இருந்தது, வெட்டப் போகுமுன் கும்பிட்டுவிட்டுத்தான் போவோம். மேட்டில் ஒரு நிரைக்கு அழுதமேடு என்று பெயர். ஜப்பான்காரன் சயாமுக்கு ரயில் போட ஆள் பிடித்தபோது ஆம்பிளைகளை லாரியில் ஏற்றினார்களாம், பொம்பிளைகள் அந்த மேட்டில் நின்று லாரி மறையும் வரை பார்த்து அழுதார்களாம். என் பாட்டி அங்கே நின்றவர். தாத்தா வரவில்லை.

அந்த மேட்டில் இப்போது இரட்டை மாடி வீடுகள் இருக்கின்றன. அங்கே குடியிருக்கிறவர்களில் எத்தனை பேருக்கு இந்தப் பெயர் தெரியும்? லாசா ரோட்டுத் தம்பி, நீங்கள் துரை வைத்த பெயருக்கு ஒரு மாதமாகச் சண்டை போடுகிறீர்கள். நாங்கள் வைத்த பெயருக்கு யாரும் சண்டை போடவில்லை.

லாசா ரோட்டுக்காரன்:

அக்கா, நீங்கள் எங்கள் தோட்டமா? எங்கள் பக்கமும் ஓர் அழுதமேடு உண்டு. சின்ன வயதில் யாரோ விழுந்து அழுத இடம் என்றுதான் நினைத்திருந்தேன்.

தாமான் தம்பி:

கூட்டத்தில் எழுந்து கேட்டது நான்தான். என் மாமா இந்த இழையைக் காட்டினார்.

அண்ணன் என்னைக் குறைத்து எழுதவில்லை, அதற்கு நன்றி. ஆனால் நான் ஏன் கேட்டேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். எனக்கு 26 வயது. ஆறாம் வகுப்பு வரை தோட்டத் தமிழ்ப்பள்ளி. தோட்டம் காலியாகி, பள்ளியைப் பட்டணத்துக்குப் பக்கம் மாற்றினாலும் பெயர்ப்பலகையில் 'லாடாங்' (மலாயில் தோட்டம்) என்ற வார்த்தையும் துரை வைத்த பெயரும் அப்படியே இருந்தன. இடைநிலைப்பள்ளிக்குப் போன முதல் நாள் வகுப்பில் எல்லாரும் எந்தப் பள்ளியிலிருந்து வருகிறோம் என்று சொல்ல வேண்டும். நான் சொன்னதும் பின்னாலிருந்து, "எஸ்டேட் பையன்" என்றார்கள். சொன்னவர்களும் தமிழ்ப் பையன்கள்தான், பட்டணத்துப் பையன்கள். ஐந்து வருடம் அதுதான் என் பெயர். வேலைக்கு மனுப் போடும்போது அந்தப் பள்ளிப் பெயரை எழுதக் கை தயங்கியது.

அதனால் உங்களுக்கு அது அம்மாவின் ஊர். எனக்கு அது முதுகில் ஒட்டிய சீட்டு. அதை வளைவில் பெரிய எழுத்தில் பார்க்க முடியாது என்றுதான் எழுந்தேன்.

அழுதமேடு பற்றி எனக்கு யாரும் சொன்னதில்லை. எங்கள் வீடு அந்த மேட்டில்தான் இருக்கிறது என்று நினைக்கிறேன்.

ஈப்போ டீச்சர்:

தம்பி, நீங்கள் எழுதியதைப் படித்து அழுதுவிட்டேன். என் வகுப்பிலும் அந்த வார்த்தை கேட்டிருக்கிறது. அன்றைக்கு நான் அதட்டிவிட்டு அடுத்த பாடத்துக்குப் போயிருக்கிறேன். நின்று பேசியிருக்க வேண்டும்.

மூணாங்கட்டை:

என் கருத்தில் மாற்றம் இல்லை, ஆனால் காரணத்தில் கொஞ்சம் மாறியிருக்கிறேன்.

பெயர் யாருடையது என்பதற்கு முன்னால் நிலம் யாருடையது என்று கேட்க வேண்டும். கோலகங்சாரில் 1877இல் ஒன்பது கித்தாக் கன்று நட்டார்கள், அதில் ஒன்று இன்னும் நிற்கிறது. வேலி போட்டு, பலகை வைத்துக் காப்பாற்றுகிறார்கள். கித்தா வெட்டிய குடும்பத்துக்கு அப்படி ஒரு வேலி கிடைத்ததா? சுதந்திரத்தை ஒட்டி வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களைத் துண்டு போட்டு விற்றபோது, மரத்தோடு சேர்ந்து நம் ஆட்களும் கைவிடப்பட்டார்கள். 1956இல் அரசாங்கத்தின் ஃபெல்டா திட்டம் வந்தது. நிலமில்லாத கிராமத்தாருக்கு நிலமும் வீடும். நல்ல திட்டம்தான். ஆனால் மூன்று தலைமுறை அதே மண்ணில் வேலை செய்த தோட்டத் தொழிலாளிக்கு அந்தக் கதவு பெரும்பாலும் திறக்கவில்லை.

நம் ஊரில் பிறந்த, இந்தியர் காங்கிரஸ் கட்சித் தலைவர் துன் சம்பந்தன் இதற்கு ஒரு வழி கண்டார். அவர் கட்சியில் எனக்கு உடன்பாடு இல்லாவிட்டாலும் இதை மறைக்க மாட்டேன். 1960இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கம். தோட்டம் தோட்டமாகப் போய், தொழிலாளி கையிலிருந்து பத்துப் பத்து மலாயா வெள்ளியாகச் சேர்த்து, துண்டு போட இருந்த தோட்டங்களை வாங்கினார்கள். வெட்டுகிறவனே பங்குதாரர். கூலிக்காரன் நிலத்துக்குச் சொந்தக்காரனாக முடியும் என்று முதல்முதலாகக் காட்டியது அதுதான். 1954இல் மகாத்மா காந்தி கலாசாலையை இதே ஊரில் எழுப்பியதும் அவர்தான். அவர் பிறந்த நாள் 1919 ஜூன் 16. ஆம், அதே ஜூன் 16. ஒரே தேதிக்கு இந்த ஊரில் இரண்டு அர்த்தம் இருக்கிறது, ஒன்று மட்டும்தான் வெளியே போயிருக்கிறது.

அப்புறம் அந்த வழியில் எல்லாரும் போகவில்லை. போயிருந்தால் இன்று இந்த இழையே தேவைப்பட்டிருக்காது. 1974 முதல் 2008 வரை ஒரே நாடாளுமன்ற உறுப்பினர், அதே கட்சியின் சாமிவேலு. அவர் காலத்தில்தான் வட்டாரத்தில் லயம் லயமாகக் காலியானது. 2008 மார்ச் 8 அன்று ஊர் மக்கள் அவரை எதிர்த்து நின்ற டாக்டர் ஜெயகுமாரைத் தேர்ந்தெடுத்தது அதனால்தான் என்பது என் எண்ணம். தோட்டத்து ஆட்களுக்கு மாதச் சம்பளமும் வீடும் வேண்டும் என்று ஜெயகுமார் வருடக்கணக்கில் லயங்களில் நடந்தவர். குறைந்தபட்சச் சம்பளம் நடைமுறைக்கு வந்தது 2013இல்தான். அதற்குள் பெரட்டுக்கு நிற்கத் தமிழ் முகங்கள் பெரும்பாலும் இல்லை.

அதனால் என் கோரிக்கை இது. வளைவில் என்ன பெயர் வேண்டுமானாலும் போடுங்கள். அதன் காலில் ஒரு பலகையில், இந்த நிலத்தை யார் வெட்டித் திருத்தினார்கள், யார் விற்றார்கள், வேலை செய்தவர்களுக்கு என்ன கிடைத்தது என்று எழுதுங்கள். மூன்று மொழியிலும். பக்கத்து வீட்டு மலாய்க்காரரும் சீனரும் படிக்கட்டும்.

பெரட்டு மணி:

இதில் உங்களோடு முழுதாக உடன்படுகிறேன். மலாயில் கட்டாயம் எழுத வேண்டும். என் பேத்தியின் தோழிகளுக்கு நாம் இங்கே எப்படி வந்தோம் என்பதே தெரியாது.

லாசா ரோட்டுக்காரன்:

எல்லாருக்கும் நன்றி. நேற்று இரவு தாமான் தம்பியை வீட்டில் போய்ப் பார்த்தேன். இரண்டு மணி நேரம் பேசினோம். தோட்டப் பெயரை விட எனக்கு மனசில்லை, அதைப் பார்க்க அவருக்கு மனசில்லை. இன்னும் அப்படித்தான் இருக்கிறோம். ஆனால் ஒன்றில் ஒத்துப்போனோம்: தாமானின் ஆறு சாலைகளுக்கும் இப்போது எண்தான் இருக்கிறது. அவற்றுக்குக் காட்டுப் பெயர்களை வைக்கச் சொல்லி நகராட்சிக்கு மனுக் கொடுப்போம். கொடுத்துப் பார்ப்போம். வளைவு விஷயத்தை வாக்கெடுப்புக்கு விடலாம் என்று அவர் சொன்னார், சரி என்றேன்.

அக்கா, உங்களுக்கு நினைவில் இருக்கிற காட்டுப் பெயர்களையெல்லாம் எழுதித் தர முடியுமா? எந்தப் பெயர் எந்த இடம் என்பதும் வேண்டும்.

கித்தாக்காடு:

ஊத்துப்பள்ளம், சர்ப்பக்காடு, அழுதமேடு, மண்டோர் வளைவு, ரெட்டைப்பலா, சின்னக்கல் நிரை, கருப்பன் எல்லை. இன்னும் நாலைந்து இருக்கும், என் நாத்தனாரைக் கேட்க வேண்டும், அவள் தைப்பிங்கில் இருக்கிறாள். எழுத்தில் இடம் சொல்ல வராது தம்பி. ஞாயிற்றுக்கிழமை காலையில் வண்டி கொண்டு வாருங்கள், அந்தப் பையனையும் கூட்டி வாருங்கள், நேரில் வந்து காட்டுகிறேன். எட்டு மணிக்கு முன்னால் வாருங்கள், வெயில் ஏறினால் எனக்கு நடக்க முடியாது.